பாரி ராப்ரன்: மாநில லீக்கிலேயே தொடங்கி, அங்கேயே முடிந்த ஒரு நடுக்கள வாழ்வை எப்படி அளப்பது?

நடுக்கள வட்டம் எழுதியது:

ஆஸ்திரேலிய விதிக் கால்பந்தின் மிகச் சிறந்த நடுக்கள ஆட்டக்காரர்கள் யார் என்று நம் குழுவில் பேச்சு எழும்போதெல்லாம் விக்டோரிய லீக்கின் தலைசிறந்த ஆட்டக்காரருக்கு வழங்கப்பட்டுவந்த, இன்று தேசிய லீக்குக்கு உரியதான பிரவுன்லோ பதக்கத்தை வென்றவர்களின் பெயர்களே வரிசையாக வருகின்றன. பாரி ராப்ரனின் பெயரை நான் எடுத்தால், "அவர் விக்டோரியாவில் ஆடவே இல்லையே" என்ற ஒரே வரியில் பேச்சு முடிந்துவிடுகிறது. அந்த ஒரு வரியைப் பற்றி நிதானமாகப் பேசுவதற்காகவே இந்த இழையைத் தொடங்குகிறேன்.

ராப்ரன் 1947இல் தெற்கு ஆஸ்திரேலியாவின் வையல்லா நகரில் பிறந்தார். ஸ்பென்சர் வளைகுடாக் கரையில், எஃகு ஆலையையும் கப்பல் கட்டும் தளத்தையும் நம்பி வளர்ந்த ஊர் அது. அங்கிருந்து அடிலெய்டுக்கு வந்து 1967இல் நார்த் அடிலெய்ட் கிளப்புக்காகத் தெற்கு ஆஸ்திரேலியாவின் உச்ச லீக்கான எஸ்.ஏ.என்.எஃப்.எல்.-இல் இறங்கினார். அடுத்த ஆண்டே, அதாவது 1968இல், லீக்கின் தலைசிறந்த, நேர்மையான ஆட்டக்காரருக்கு நடுவர்கள் வாக்களித்து வழங்கும் மகேரி பதக்கத்தை வென்றார். 1970இலும் 1973இலும் அதே பதக்கம் அவரிடம் வந்தது. இடையில் 1971, 1972 ஆகிய இரு ஆண்டுகளிலும் நார்த் அடிலெய்ட் சாம்பியன் பட்டம் வென்றது. 1974இல் முழங்கால் சிதைந்தது. 1980இல் 201 லீக் ஆட்டங்களுடன் ஓய்வு பெற்றார். விக்டோரியக் கிளப்புகள் அவரைப் பல முறை அழைத்தன, அவர் போகவில்லை.

இவ்வளவுதான் விவரம். ஆனால் 2001இல் ஆஸ்திரேலியக் கால்பந்துப் புகழ்மண்டபம் அவரை "லெஜண்ட்" என்ற உச்ச நிலைக்கு உயர்த்தியது. 1996இல் அந்த மண்டபம் தொடங்கியதிலிருந்து அதுவரை அந்நிலையைப் பெற்ற அனைவரும் விக்டோரியாவின் வி.எஃப்.எல். லீக்கில் ஒரு காலகட்டத்திலாவது ஆடியவர்கள். அங்கே ஓர் ஆட்டம்கூட ஆடாமல் அந்த வரிசையில் சேர்ந்த முதல் மனிதர் ராப்ரன்தான். அந்தத் தேர்வு சரியானது என்பது என் கருத்து. மாற்றுக் கருத்துள்ளவர்கள் காரணத்தோடு எழுத வேண்டுகிறேன்.

சனிக்கிழமை ஆட்டம் எழுதியது:

ஐயா, நான் இந்த விளையாட்டை இரண்டு ஆண்டுகளாகத்தான் பார்க்கிறேன், அதனால் அடிப்படையான இரண்டு கேள்விகள். முதலாவது, நடுக்கள ஆட்டக்காரர் என்பவர் சரியாக என்ன செய்கிறார்? கோல் அடிப்பவரின் திறமையை எண்ணிக்கையில் காண முடிகிறது. இவருடைய திறமையை எதை வைத்துச் சொல்வது? இரண்டாவது, வி.எஃப்.எல். என்பது இப்போது விக்டோரியாவின் மாநில லீக் அல்லவா? அப்படியானால் அங்கே ஆடாதது எப்படி ஒரு குறையாகும்?

மூன்றாம் கால்பகுதி எழுதியது:

இரண்டாவது கேள்வியை முதலில் முடித்துவிடுகிறேன், ஏனெனில் அது பெயரால் வந்த குழப்பம். 1897இல் ஆட்டங்களைத் தொடங்கிய பழைய வி.எஃப்.எல். தான், வேறு மாநில அணிகளையும் சேர்த்துக்கொண்டு 1990இல் ஏ.எஃப்.எல். என்று பெயர் மாற்றிக்கொண்டது. விக்டோரியாவின் இரண்டாம் நிலை அமைப்பாக இருந்த வி.எஃப்.ஏ., 1996இல் வி.எஃப்.எல். என்ற பெயரை எடுத்துக்கொண்டது. ஆகவே 1970களைப் பற்றிப் பேசும்போது வரும் வி.எஃப்.எல். வேறு, இன்றைய வி.எஃப்.எல். வேறு. அந்தக் காலத்தில் வி.எஃப்.எல்., தெற்கு ஆஸ்திரேலியாவின் எஸ்.ஏ.என்.எஃப்.எல்., மேற்கு ஆஸ்திரேலியாவின் டபிள்யூ.ஏ.எஃப்.எல். ஆகிய மூன்றும் தத்தம் மாநிலத்தின் உச்ச லீக்குகள். ஒன்றுக்கு மேல் ஒன்று என்ற சட்டபூர்வமான அடுக்கு எதுவும் அன்று இல்லை. பணமும் கூட்டமும் விக்டோரியாவில் அதிகம் என்பது உண்மை.

இனி முதல் கேள்வி. ஒவ்வொரு கால்பகுதியின் தொடக்கத்திலும், ஒவ்வொரு கோலுக்குப் பின்னும், நடுவர் பந்தை மைதானத்தின் மையத்தில் தரையில் அடித்து எழச் செய்வதே நெடுங்கால வழக்கம்; ஏ.எஃப்.எல்.-இல் 2026 முதல் அதை மேலே எறிகிறார்கள். இரு அணிகளின் நெட்டையான ரக் ஆட்டக்காரர்கள் எம்பி அதைத் தட்டிவிடுவார்கள். அது எங்கே விழும் என்பதை மற்றவர்களைவிட அரை விநாடி முன்பே கணித்து, நான்கைந்து உடல்களுக்கு நடுவே குனிந்து எடுத்து, பிடிபடுவதற்குள் கையாலோ காலாலோ தன் அணியினருக்கு அனுப்புவதே நடுக்கள ஆட்டக்காரரின் முதல் வேலை. இப்படி நெரிசலிலிருந்து பந்தை வெளியே கொண்டுவருவதைக் கிளியரன்ஸ் என்கிறார்கள். அதன் பிறகு அவர் பந்தோடு ஓட வேண்டும், பந்து பறிபோனால் திரும்பி ஓடி எதிரியை மடக்க வேண்டும். ஒரு கோல் விழுந்தால் அடித்தவரின் பெயர் பலகையில் வரும். அந்தப் பந்து இருபது விநாடிகளுக்கு முன் யார் கையில் பிறந்தது என்பதை நடுக்களத்தையே பார்த்துக்கொண்டிருப்பவர்தான் சொல்ல முடியும்.

ராப்ரனின் காலத்தில் இந்த இடத்திற்குச் சென்டர், ரோவர், ரக்-ரோவர் என்று தனித்தனிப் பெயர்கள் இருந்தன. இன்று கூடவே நினைவில் வைக்க வேண்டிய ஒன்று உண்டு. ஆட்டக்காரர் வெளியே வந்து இளைப்பாறி மீண்டும் உள்ளே செல்லும் இன்டர்சேஞ்ச் முறையை வி.எஃப்.எல். 1978இல்தான் கொண்டுவந்தது. அதற்கு முன், மாற்று ஆளுக்காக வெளியே வந்தவர் அன்றைக்குத் திரும்பிப் போக முடியாது. இன்றைய நடுக்கள ஆட்டக்காரர்கள் ஓர் ஆட்டத்தில் பல முறை வெளியே வந்து மூச்சு வாங்கிப் போகிறார்கள். 1968இல் மகேரி வென்றவர் நான்கு கால்பகுதிகளையும் களத்திலேயே கடக்க வேண்டியிருந்தது. பழைய ஆட்டங்களின் துண்டுப் படங்களைப் பார்த்து "மெதுவாக ஆடினார்கள்" என்று சொல்பவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள்.

பழைய அட்டவணை எழுதியது:

நான் மாற்றுக் கருத்துள்ளவன். ராப்ரன் மீது எனக்கு எந்த மதிப்புக் குறைவும் இல்லை. ஆனால் மூன்று லீக்குகளும் சமம் என்ற எண்ணத்தைப் பதிவுகள் ஆதரிக்கவில்லை.

1968 முதல் 1975 வரை, பருவம் முடிந்ததும் மாநிலங்களின் சாம்பியன் கிளப்புகள் "ஆஸ்திரேலிய சாம்பியன்ஷிப்" என்ற பெயரில் மோதின. அந்த எட்டு ஆண்டுகளில் விக்டோரியக் கிளப் அல்லாத ஓர் அணி வென்றது ஒரே ஒரு முறைதான். அந்த ஒரு முறை வென்றது நார்த் அடிலெய்ட் என்பதை நானே சொல்லிவிடுகிறேன். ஆனால் அதற்கு முந்தைய ஆண்டு, 1971இல், அதே நார்த் அடிலெய்ட், அதே ராப்ரனோடு, விக்டோரியாவின் ஹாத்தார்னிடம் தோற்றது. எட்டில் ஏழு என்பது தற்செயல் ஆகாது. ஒரு பருவத்தில் இருபத்துக்கும் மேற்பட்ட ஆட்டங்களை, வாரந்தோறும், அந்தத் தரத்தில் ஆட வேண்டியிருந்தால் ராப்ரன் எப்படி ஆடியிருப்பார் என்பதற்கு நம்மிடம் சான்று இல்லை. சான்று இல்லாத இடத்தில் உச்ச நிலையைத் தருவது, அந்தச் சோதனைக்குத் தம்மை உட்படுத்திக்கொண்டவர்களுக்குச் செய்யும் அநீதி என்றே கருதுகிறேன்.

ராப்ரனோடு ஒரே காலத்தில் அதே லீக்கில் ஆடிய மால்கம் பிளைட்டைப் பாருங்கள். உட்வில் கிளப்புக்காக ஆடி 1972இல் மகேரி பதக்கம் வென்றார். 1974இல் வி.எஃப்.எல். கிளப்பான நார்த் மெல்பேர்ணுக்குச் சென்றார். 1978இல் பிரவுன்லோ பதக்கமும் வென்றார். இரண்டு பதக்கங்களையும் வென்ற முதல் மனிதர் அவர். அவருடைய தகுதியை நிறுவ நாம் எதையும் ஊகிக்க வேண்டியதில்லை.

நடுக்கள வட்டம் எழுதியது:

பழைய அட்டவணை அவர்களுக்கு நன்றி. இப்படி ஒரு மறுப்பைத்தான் எதிர்பார்த்தேன்.

எட்டில் ஏழு என்பதை ஏற்கிறேன். அந்த எட்டாவதை மட்டும் சற்று நெருங்கிப் பார்ப்போம். 1972 அக்டோபரில் கார்ல்டன் வி.எஃப்.எல். இறுதியாட்டத்தில் ரிச்மண்டை 177க்கு 150 என்று வென்றது. ஓர் இறுதியாட்டத்தில் அதுவரை எந்த அணியும் அடித்திராத புள்ளிகள் அவை. அதே கார்ல்டன் அடுத்த வாரமே அடிலெய்ட் ஓவலுக்கு வந்து நார்த் அடிலெய்டிடம் ஒரு புள்ளியில் தோற்றது. அடிலெய்டில் இன்றும் அந்த ஒரு புள்ளியைப் பற்றிப் பேசுகிறவர்கள் இருக்கிறார்கள். ஒரே ஓர் ஆட்டம்தான் என்று நீங்கள் சொல்லலாம். ஆனால் "அந்தத் தரத்தில் அவர் ஆடியதற்குச் சான்றே இல்லை" என்று இனிச் சொல்ல முடியாது. ராப்ரன் விக்டோரியாவின் சாம்பியன்களுக்கு எதிராக ஆடியிருக்கிறார். தெற்கு ஆஸ்திரேலிய அணிக்காக விக்டோரிய மாநில அணிக்கு எதிராகவும் பல ஆண்டுகள் ஆடியிருக்கிறார். அவரை அழைத்த விக்டோரியக் கிளப்புகள் அந்த ஆட்டங்களைப் பார்த்துத்தான் அழைத்தன.

விக்டோரியா ஏன் வலுவாக இருந்தது என்பதையும் கேட்க வேண்டும். அந்த மண்ணின் ஆட்டம் மட்டுமே காரணம் என்று நினைத்தால் 1977ஐப் பாருங்கள். அதுவரை மாநில அணி என்றால் அந்த மாநில லீக்கில் ஆடுபவர்களின் அணி. பெர்த்தில் பிறந்து மெல்பேர்ணில் ஆடுபவர் விக்டோரியாவுக்காக இறங்குவார். அந்த முறையில் 1977இல் விக்டோரியா மேற்கு ஆஸ்திரேலியாவை 63 புள்ளிகளில் வென்றது. அதே ஆண்டு அக்டோபரில், அவரவர் எங்கே ஆட்டம் தொடங்கினாரோ அந்த மாநிலத்துக்கே ஆடலாம் என்ற ஸ்டேட் ஆஃப் ஆரிஜின் விதியில் முதல் ஆட்டம் சுபியாகோ ஓவலில் நடந்தது. இம்முறை மேற்கு ஆஸ்திரேலியா 94 புள்ளிகளில் வென்றது. சில மாத இடைவெளியில் 157 புள்ளிகள் இடம் மாறின! ஆட்களை அவரவர் வீட்டுக்குத் திருப்பி அனுப்பியதைத் தவிர வேறு எதுவும் பெரிதாக மாறவில்லை.

ராப்ரன் அப்படிப் போகாமல் இருந்தார். அவர் போயிருந்தால் விக்டோரியாவின் பக்கம் இன்னும் சற்றுக் கனத்திருக்கும். பிறகு அந்தக் கனத்தைக் காட்டியே நாம் தெற்கு ஆஸ்திரேலியாவைக் குறைவாக மதிப்பிட்டிருப்போம்.

மேற்குக் கரை எழுதியது:

பெர்த்திலிருந்து எழுதுகிறேன். 1977ஆம் ஆண்டு ஆட்டத்தை எங்கள் ஊரில் பெரியவர்கள் இன்னும் நேற்று நடந்தது போலச் சொல்வார்கள்.

மாநில லீக் நடுக்கள ஆட்டக்காரரின் வாழ்க்கை இன்று எப்படி இருக்கிறது என்பதையும் இந்த இழையில் சேர்க்க விரும்புகிறேன். அது தெரிந்தால்தான் ராப்ரனை ஏன் இன்றைய கண்ணால் தவறாகப் பார்க்கிறோம் என்பது புரியும்.

வெஸ்ட் கோஸ்ட் 1987இலும், அடிலெய்ட் 1991இலும், ஃப்ரீமாண்டில் 1995இலும், போர்ட் அடிலெய்ட் 1997இலும் தேசிய லீக்கில் சேர்ந்த பிறகு, எங்கள் டபிள்யூ.ஏ.எஃப்.எல்., உங்கள் எஸ்.ஏ.என்.எஃப்.எல். இரண்டுமே இரண்டாம் நிலைக்கு இறங்கிவிட்டன. இன்று அவற்றில் ஆடுபவர் பகலில் வேறு வேலை பார்த்து, மாலையில் பயிற்சிக்கு வந்து, வார இறுதியில் ஆடுகிறார். பதினெட்டு வயதில், தேசிய லீக் கிளப்புகள் புதிய ஆட்டக்காரர்களை வரிசையாகத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்ட் நாளன்று தன் பெயர் அழைக்கப்படாவிட்டால், அதற்குப் பின் அவர் என்ன சாதித்தாலும் "இன்னும் அழைப்பு வரவில்லையா?" என்ற கேள்வியே துரத்துகிறது.

மேட் பிரிடிஸை எடுத்துக்கொள்ளுங்கள். டிராஃப்டில் அவரை யாரும் எடுக்கவில்லை. ஓட்டத்தில் வேகம் போதாது என்பதுதான் அவரைப் பற்றிய பொதுவான குறை. எங்கள் லீக்கின் சுபியாகோ கிளப்பில் ஆடிக்கொண்டிருந்தவர், புதியவர்களுக்கான துணைப் பட்டியலான ரூக்கிப் பட்டியல் வழியாக வெஸ்ட் கோஸ்டுக்குள் நுழைந்தார். 2006இல் எங்கள் லீக்கின் சாண்டோவர் பதக்கத்தை வென்றார். எட்டு ஆண்டுகள் கழித்து, 2014இல், பிரவுன்லோ பதக்கம் அவர் கழுத்தில் விழுந்தது. 240 ஏ.எஃப்.எல். ஆட்டங்கள் ஆடி 2017இல் ஓய்வு பெற்றார். நெரிசலில் குனிந்து பந்தை எடுப்பதும், எதிரியைப் பிடித்து நிறுத்துவதுமே அவருடைய முழு ஆட்டம். மூன்றாம் கால்பகுதி விவரித்தாரே, அந்த முதல் வேலையை அவரைப் போலச் சலிக்காமல் செய்த இன்னொருவரை நான் பார்த்ததில்லை.

மைக்கேல் பார்லோவின் கதை வேறு விதம். ஷெப்பர்டனிலிருந்து வந்து வெரிபி கிளப்புக்காக இன்றைய வி.எஃப்.எல். லீக்கில் ஆடியவர். ஃப்ரீமாண்டில் அவரை ரூக்கியாக எடுத்தது. 2010 பருவத்தின் முதல் ஆட்டத்திலேயே முப்பது முறைக்கும் மேல் பந்தைக் கையாண்டார். பருவத்தின் பாதிக்குள் நாட்டின் மிகச் சிறந்த நடுக்கள ஆட்டக்காரர்களோடு அவரை ஒப்பிட்டுப் பேசினார்கள். அப்போது ஓர் ஆட்டத்தில் சொந்த அணிக்காரரோடு மோதியதில் அவர் கால் முறிந்தது. நான் அன்று அரங்கில் இருந்தேன். முப்பதாயிரம் பேர் இருந்த இடம் ஒரே கணத்தில் அடங்கியதை மறக்க முடியவில்லை. அவர் மீண்டு வந்து பல ஆண்டுகள் ஆடினார். ஏ.எஃப்.எல். வாழ்க்கை முடிந்ததும் வெரிபிக்கே திரும்பினார். பின்னர் அங்கே தலைமைப் பயிற்றுநரும் ஆனார்.

மார்லியன் பிக்கெட்டைச் சொல்லாமல் முடிக்க முடியாது. எங்கள் லீக்கின் சவுத் ஃப்ரீமாண்டிலில் ஆடிக்கொண்டிருந்த அவரை ரிச்மண்ட் 2019இல் பருவ நடு டிராஃப்டில் எடுத்தபோது அவருக்கு 27 வயது. மாதக் கணக்கில் ரிச்மண்டின் வி.எஃப்.எல். அணியில் ஆடினார். அந்த லீக்கின் இறுதியாட்டத்தில் சாம்பியன் பட்டமும், ஆட்டத்தின் சிறந்தவருக்கான நார்ம் காஸ் பதக்கமும் பெற்றார். அடுத்த வாரம் அவருடைய முதல் ஏ.எஃப்.எல். ஆட்டம், அது இறுதியாட்டம்! 1952க்குப் பிறகு இறுதியாட்டத்தில் அறிமுகமான முதல் ஆள் அவர். ரிச்மண்ட் 89 புள்ளிகளில் வென்றது. பிக்கெட் ஒரு கோலும் அடித்தார். 27 வயது வரை மாநில லீக்கில் அவர் கற்றது எவ்வளவு என்பதை அந்த ஒரு பிற்பகல் காட்டியது.

இவர்களுக்கெல்லாம் அழைப்பு வந்தது, சென்றார்கள். அழைப்பு வந்தும் செல்லாமல் இருக்கும் உரிமை ராப்ரனின் காலத்தில் ஓர் ஆட்டக்காரருக்கு இருந்தது. ஏனெனில் அவர் நின்ற இடமே அந்த மாநிலத்தின் உச்சம்.

சனிக்கிழமை ஆட்டம் எழுதியது:

விளக்கங்களுக்கு மிக்க நன்றி. மேற்குக் கரை அவர்கள் எழுதியதைப் படித்தபோது என் மூத்த மகன் நினைவுக்கு வந்தான். அவன் ஒரு மாநில லீக் கிளப்பின் பதினெட்டு வயதுக்குட்பட்டோர் அணியில் நடுக்களத்தில் ஆடினான். டிராஃப்ட் முடிந்த இரவு வீட்டில் யாரும் சாப்பிடவில்லை. மறுவாரம் பயிற்சிக்குப் போனவனிடம் கிளப்பில் ஒருவர், "இனி உன் இடத்தை அடுத்த வயதுப் பிள்ளைகளுக்குக் கொடுக்க வேண்டும்" என்றாராம். நன்றாக ஆடிக்கொண்டிருந்த பிள்ளையிடம் சொல்ல வேண்டிய வார்த்தையா அது? அவன் இப்போதும் ஆடுகிறான், வேறோர் இடத்தில், மகிழ்ச்சியாக. ஆனால் அந்த இரவுக்குப் பிறகு, அவன் ஆடுவதைப் பார்க்க வருகிற உறவினர்கள்கூட "இது சும்மா பொழுதுபோக்குக்குத்தானே" என்று கேட்கிறார்கள். எனக்கு அது வலிக்கிறது.

ராப்ரனுக்கு முழங்காலில் என்ன நடந்தது? அதைப் பற்றி யாரும் விரிவாக எழுதவில்லையே.

ஸ்பென்சர் வளைகுடா எழுதியது:

அம்மா, உங்கள் மகன் தொடர்ந்து ஆடட்டும். இருபத்து மூன்று வயதில் சவுத் ஃப்ரீமாண்டிலிலிருந்து ஏ.எஃப்.எல். கிளப்பான ஜீலாங்குக்குத் தேர்வான டிம் கெல்லியும் அதே கேள்வியை ஐந்து ஆண்டுகள் கேட்டிருப்பார். அழைப்பு வராமலே போனாலும், நெரிசலிலிருந்து பந்தை வெளியே எடுக்கத் தெரிந்த ஒருவருக்கு அதை வேறு யாரும் சான்றளிக்க வேண்டியதில்லை.

நான் வையல்லாவில் ஒன்பது ஆண்டுகள் வேலை பார்த்தவன். அந்த ஊரில் ராப்ரனின் பெயர் தெரியாமல் வாழ முடியாது. அடிலெய்டிலிருந்து சாலை வழியாக ஏறக்குறைய நானூறு கிலோமீட்டர். செம்மண்ணும் உப்புப் புதரும் தவிர வழியில் அதிகம் கிடையாது. அங்கிருந்து கிளம்பி வந்தவருக்கு அடிலெய்டே பெரிய பட்டணம். அவருடைய தம்பி ராட்னியும் நார்த் அடிலெய்டுக்காக ஆடினார். பாரி குளிர்காலத்தில் கால்பந்து ஆடியது போதாதென்று, கோடையில் தெற்கு ஆஸ்திரேலியாவுக்காக முதல்தரக் கிரிக்கெட்டும் ஆடியிருக்கிறார். இரண்டு விளையாட்டிலும் மாநிலத்தின் நிறத்தை அணிந்தவர் அந்த மாநிலத்தைவிட்டுப் போகாததில் எனக்கு வியப்பில்லை.

முழங்கால் பற்றிக் கேட்டீர்கள். 1974இல் சிட்னி கிரிக்கெட் மைதானத்தில் விக்டோரியாவுக்கு எதிரான மாநில ஆட்டம். ராப்ரனுக்கு அப்போது 26 வயது, மூன்றாவது மகேரி பதக்கம் வென்று ஓராண்டுகூட ஆகவில்லை. அந்த ஆட்டத்தில்தான் முழங்கால் மோசமாகச் சிதைந்தது. இன்று அறுந்த தசைநாரைப் புதிதாகக் கட்டி, ஓராண்டில் களத்துக்குத் திருப்பி அனுப்பிவிடுகிறார்கள். அன்று அந்த அறிவு தொடக்க நிலையில்தான் இருந்தது. அவர் நீண்ட காலம் ஆடாமல் இருந்து, திரும்பி வந்தார். ஆனால் எம்பிப் பிடிப்பதும், ஓட்டத்திலேயே சட்டென்று திசை மாறுவதுமாக இருந்த பழைய ஆட்டம் திரும்பவில்லை. நடுக்களத்தில் எல்லாமே அந்தத் திசை மாற்றத்தில்தான் இருக்கிறது. 1978 முதல் 1980 வரை கிளப்புக்குப் பயிற்றுநராகவும் இருந்துவிட்டு ஓய்வு பெற்றார்.

நடுக்கள வட்டம் முதல் பதிவில் "1974இல் முழங்கால் சிதைந்தது" என்று ஒரு வரியில் எழுதிவிட்டுப் போனார். என்னைக் கேட்டால் அந்த வரிதான் முழு விவாதத்தின் மையம். 201 ஆட்டங்கள் என்பதில் முழு உடல் வலுவோடு ஆடியவை ஏறத்தாழ ஏழரைப் பருவங்களின் ஆட்டங்களே. லெஜண்ட் என்று அழைக்கப்பட அவருக்கு அந்த ஏழரைப் பருவங்கள் போதுமாக இருந்தன.

நடுக்கள வட்டம் எழுதியது:

உண்மைதான், அந்த வரியை அவசரமாகக் கடந்துவிட்டேன். திருத்தியமைக்கு நன்றி.

மூன்றாம் கால்பகுதி எழுதியது:

பதக்கப் பட்டியலை ஒரு முறை வரிசையாகப் படித்துப் பார்க்க வேண்டுகிறேன். 1968 ராப்ரன். 1969 கிளெனெல்க் கிளப்பின் ஃபிரெட் ஃபிலிஸ்; அவர் அந்தப் பருவத்தில் 137 கோல் அடித்த முன்கள ஆட்டக்காரர். 1970 ராப்ரன். 1971 போர்ட் அடிலெய்டின் ரசல் ஈபர்ட். 1972 மால்கம் பிளைட். 1973 ராப்ரன். 1974 மீண்டும் ஈபர்ட். 1970 முதல் 1974 வரை ஐந்து ஆண்டுகள், மூன்றே பேர். பிளைட் கிளம்பும் வரை மூவருமே ஒரே நகரத்தில், பத்தே கிளப்புகள் கொண்ட லீக்கில், ஒருவருக்கொருவர் எதிராக ஆடிக்கொண்டிருந்தார்கள்.

பழைய அட்டவணை அவர்கள் பிளைட்டின் தகுதிக்கு ஊகம் தேவையில்லை என்றார். ஏற்கிறேன். அப்படியானால் பிளைட்டை எதிர்த்து ஆடி அந்த ஐந்து ஆண்டுகளில் அவரைவிட ஒரு பதக்கம் அதிகம் வென்றவரின் தகுதிக்கு மட்டும் ஏன் ஊகம் தேவைப்படுகிறது? பிளைட் 1974இல் எல்லை கடந்து போய்த் தன்னை நிறுவினார் என்றால், அவர் கிளம்பி வந்த லீக்கின் தரத்தையும் சேர்த்தே நிறுவினார்.

ஈபர்ட்டும் இங்கே முக்கியம். நான்கு மகேரி பதக்கங்கள்: 1971, 1974, 1976, 1980. வேறு யாரும் அந்த எண்ணிக்கையைத் தொடவில்லை. அவர் 1979இல் ஒரே ஒரு பருவம் நார்த் மெல்பேர்ணுக்குச் சென்று 25 ஆட்டங்கள் ஆடினார். பிறகு வீடு திரும்பி மறு ஆண்டே நான்காவது பதக்கத்தை வென்றார். போர்ட் அடிலெய்டுக்காக மட்டும் 392 ஆட்டங்கள். அந்த 25 ஆட்டங்கள் இல்லாமல் இருந்திருந்தால் ஈபர்ட் சிறிய ஆட்டக்காரராக ஆகியிருப்பாரா? அந்த 25 ஆட்டங்களால்தான் அவர் பெரியவரானார் என்று அடிலெய்டில் யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

பழைய அட்டவணை எழுதியது:

பதக்கப் பட்டியல் பற்றிய வாதம் வலுவானது. இந்தக் கோணத்தில் நான் யோசித்திருக்கவில்லை. ஒரே லீக்கில் நேருக்கு நேர் ஆடியவர்களை ஒப்பிடும்போது, ஒருவர் பின்னாளில் வேறெங்கோ செய்ததை மற்றவருக்கு எதிரான சான்றாகக் கொள்ள முடியாது என்பதை ஏற்கிறேன்.

ஆனால் ஒரு விஷயத்தில் என் நிலை மாறவில்லை. பதக்க வாக்குகளை அளிப்பவர்கள் நடுவர்கள். அவர்கள் எப்போதும் பந்துக்கு அருகில் நிற்பவர்கள்; அதனால் பந்துக்கு அருகிலேயே இருக்கும் நடுக்கள ஆட்டக்காரர்களை அதிகம் காண்கிறார்கள். மகேரி, சாண்டோவர், பிரவுன்லோ மூன்றின் பட்டியல்களிலும் இந்தச் சாய்வு தெரிகிறது. ஆகவே பதக்க எண்ணிக்கையை மட்டும் வைத்து ராப்ரனை எல்லாக் காலத்துக்கும் உரிய முதல் வரிசையில் வைப்பதற்கு நான் இன்னும் தயங்குகிறேன். 1972 கார்ல்டன் ஆட்டமும், விக்டோரியாவுக்கு எதிரான மாநில ஆட்டங்களும்தான் என்னைப் பாதி வழிக்கு அழைத்து வந்திருக்கின்றன. 1973 இறுதியாட்டத்தையும் நான் மறக்கவில்லை. கிளெனெல்கிடம் நார்த் அடிலெய்ட் ஏழு புள்ளிகளில் தோற்ற ஆட்டம் அது. கிளெனெல்கின் கிரஹாம் கார்ன்ஸ் கடைசி நேரத்தில் எம்பிப் பிடித்த பந்து இல்லாமல் இருந்தால் ராப்ரனின் கணக்கில் மூன்று சாம்பியன் பட்டங்கள் இருந்திருக்கலாம். அப்படியோர் ஆட்டத்தைத் தந்த லீக்கைத் தாழ்ந்தது என்று சொல்ல எனக்கும் மனம் வரவில்லை.

நடுக்கள வட்டம் எழுதியது:

பாதி வழிக்கு வந்ததே எனக்கு நிறைவு. மீதிப் பாதிக்கு என்னிடம் புதிய ஆதாரம் எதுவும் இல்லை என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

ஒரு செய்தியை மட்டும் சேர்க்கிறேன், விவாதத்துக்காக அல்ல, இங்கே பேசியவர்கள் அறிந்திருக்க வேண்டும் என்பதற்காக. அடிலெய்ட் 1997இலும் 1998இலும் ஏ.எஃப்.எல். சாம்பியன் பட்டம் வென்றபோது அந்த இரண்டு அணிகளிலும் ஆடியவர்களில் ஒருவர் மேத்யூ ராப்ரன், பாரியின் மகன். அந்த அணியின் பயிற்றுநர் மால்கம் பிளைட்.

சனிக்கிழமை ஆட்டம் எழுதியது:

நான் கடந்த மாதம் அடிலெய்ட் ஓவலுக்குப் போனபோது வெளியே வெண்கலச் சிலைகளைப் பார்த்தேன். பெயர்களைப் படிக்காமல் கடந்துவிட்டேன். இந்த மனிதர்களின் சிலைகள் அவற்றில் உண்டா?

ஸ்பென்சர் வளைகுடா எழுதியது:

உண்டு அம்மா. கால்பந்து ஆட்டக்காரர்களின் சிலைகளில் கென் ஃபார்மர், பிளைட், ஈபர்ட், ராப்ரன் ஆகிய நால்வரும் இருக்கிறார்கள். ஃபார்மரும் நார்த் அடிலெய்டுக்காரர்தான். 1930களில் கோல் அடித்துக் குவித்தவர், அவரும் விக்டோரியாவில் ஆடியதில்லை. அடுத்த முறை உங்கள் மகனோடு போனால் ராப்ரனின் சிலைக்கு முன் சிறிது நேரம் நில்லுங்கள். சுற்றுப்பயணிகள் பெரும்பாலும் பிராட்மன் சிலையைத் தேடிப் போய்விடுவார்கள். உங்களுக்கு அவசரப்படுத்தும் கூட்டம் இருக்காது.